சமையலறை காலியாவதற்குக் காத்திருக்கும் பிள்ளைகள்: பல்கலைக்கழக மாணவர் சேவைப் பிரிவுக்கு ஒரு திறந்த மடல்

மாணவர் சேவைப் பிரிவின் இயக்குநர் அவர்களுக்கு,

அடுத்த பிப்ரவரியில் தொடங்கும் பருவத்திலிருந்து தங்குமிட ஆலோசகர் என்ற பணியிடம் இருக்காது என்றும், புதன்கிழமை மாலைகளில் மாணவர் கட்டடத்தின் தரைத்தளச் சமையலறையில் நடந்துவந்த கூட்டுச் சமையல் நிறுத்தப்படும் என்றும், இவ்விரண்டுக்கும் மாற்றாக இருபது நிமிட இணையப் பாடம் ஒன்றும் தானாகப் பதில் தரும் உரையாடல் பெட்டி ஒன்றும் வரும் என்றும் தேர்வு வாரத்தில் நீங்கள் அனுப்பிய மின்னஞ்சல் தெரிவிக்கிறது. வெளியே வாடகைக்குத் தங்கியிருக்கும் மாணவர்கள் ஒருவரையும் கேட்காமல் எடுக்கப்பட்ட இந்த முடிவை என்னால் ஏற்க முடியவில்லை. இதனால் யாருக்கு என்ன இழப்பு என்பதை நான் வாழும் வீட்டிலிருந்தே சொல்ல முடியும் என்பதால் இந்த மடலை எழுதுகிறேன்.

நான் திருவாரூர் மாவட்டத்திலிருந்து வந்து உங்கள் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டத்துக்கு ஆய்வு செய்பவள். ஆஸ்திரேலியாவின் மெல்பர்ன் புறநகர் ஒன்றில், மாணவர்கள் சேர்ந்து வாடகைக்கு எடுத்திருக்கும் ஷேர் ஹவுஸில் வசிக்கிறேன். இம்மடலின் ஆங்கில வடிவத்தை உங்கள் அலுவலகத்தில் நேரில் கொடுத்திருக்கிறேன். தமிழில் வெளியிடுவதற்குக் காரணம், நிலத்தை அடமானம் வைத்தும் கல்விக்கடன் வாங்கியும் பிள்ளைகளை இங்கே அனுப்பும் பெற்றோரும், அடுத்த விமானத்தில் வரக் காத்திருக்கும் பிள்ளைகளும் இதை அறிய வேண்டும் என்பதே.

உங்கள் மின்னஞ்சல் மூன்று நியாயங்களைச் சொல்கிறது. ஆலோசகரைத் தேடி வந்த மாணவர்கள் குறைவு. மாணவர்கள் பதினெட்டு வயது கடந்தவர்கள், தங்கள் வீட்டு விவகாரங்களைத் தாங்களே பேசித் தீர்த்துக்கொள்ளக் கூடியவர்கள். பழகுவதில் சிரமம் உள்ளவர்களுக்கு உளவியல் ஆலோசனைப் பிரிவு இருக்கிறது. இம்மூன்றும் காகிதத்தில் சரியாகத் தோன்றலாம். ஆனால் கூச்சமுள்ள ஒரு பிள்ளை எப்படி வாழ்கிறான் என்பதை அருகிலிருந்து பார்த்தவர்கள் இவற்றை எழுதியிருக்க மாட்டார்கள்.

எங்கள் வீட்டுக்குப் புதுக்கோட்டைப் பக்கத்திலிருந்து முதுகலை படிக்க ஒரு தம்பி வந்தான். வந்த புதிதில் அவன் சமைப்பதை நாங்கள் யாரும் பார்த்ததில்லை. சமையலறையில் யாராவது இருந்தால் அவன் அறைக்கதவு ஒரு விரற்கடை அளவு திறந்து, மறுபடி மெதுவாக மூடிக்கொள்ளும். இரவு பதினொன்றரைக்கு மேல், எல்லோருடைய கதவுக்கு அடியிலும் வெளிச்சம் அணைந்த பிறகு, குழாயைச் சன்னமாகத் திறந்து தண்ணீர் பிடிக்கும் சத்தம் கேட்கும். பின்னர் அதுவும் நின்றுபோனது. ரைஸ் குக்கரைத் தன் அறைக்குள்ளேயே கார்பெட்டின் மேல் வைத்து, தயிரும் ஊறுகாயுமாக அவன் நாளை ஓட்டியிருக்கிறான். கார்பெட்டில் குக்கரின் அடி வட்டமாகக் கருகிய தடம் விழுந்த பிறகுதான் எங்களுக்கே தெரிந்தது. ஏன் வெளியே வந்து சமைக்கவில்லை என்று கேட்டபோது, "மத்தவங்க இருக்கும்போது நான் எங்கே நிக்கணும்னு தெரியல அக்கா" என்றான். அவன் சொன்னதை நான் பெரிதாக்கவில்லை, சிறிதாக்கவும் மாட்டேன். ஒரு வீட்டுக்கு வாடகை கொடுக்கும் இளைஞனுக்கு அந்த வீட்டுச் சமையலறையில் தான் நிற்க வேண்டிய இடம் எது என்பது தெரியவில்லை.

இதை ஆங்கிலம் போதாத வெளிநாட்டு மாணவரின் சிக்கல் என்று நினைத்துவிட வேண்டாம். அப்படி நினைப்பது எளிது, அது தவறு. அதே வீட்டில் இந்த மாநிலத்தின் கிராமப்புறத்திலிருந்து வந்த, ஆங்கிலம் தவிர வேறெதுவும் பேசாத பதினெட்டு வயதுப் பையன் ஒருவன் இருந்தான். கடையில் வாங்கிய சாப்பாட்டை வீட்டு வாசலில் நிறுத்திய தன் காருக்குள் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டுத்தான் உள்ளே வருவான். மழை நாளிலும் அப்படித்தான். வியட்நாமிலிருந்து வந்த மாணவி, ஃபிரிட்ஜில் எந்தத் தட்டு தனக்குரியது என்று கேட்கத் தயங்கி, குளிர்காலம் முழுவதும் பால் பாக்கெட்டை ஜன்னல் விளிம்பில் வைத்திருந்தாள். மூன்று பேரும் மூன்று மொழி, மூன்று வளர்ப்பு. மூவரும் பண்பான பிள்ளைகள். ஒருவருக்கொருவர் தொந்தரவாக இருந்துவிடக் கூடாது என்ற எண்ணமே அவர்களை ஒதுங்க வைத்தது.

இந்தத் தலைமுறைக்கு இது ஏன் இவ்வளவு கடினமாக இருக்கிறது என்பதற்கு, கண்ணுக்குத் தெரிந்த காரணங்கள் உண்டு. அந்தத் தம்பி பிளஸ் டூ முடித்த 2021-இல் தமிழ்நாட்டில் பொதுத்தேர்வே ரத்தானது. பள்ளியின் கடைசி ஆண்டை அவன் கைப்பேசித் திரையில் முடித்து, கல்லூரியின் தொடக்கத்தையும் திரையிலேயே கடந்தான். அதற்கு முன்பு படித்த விடுதிப் பள்ளியில் விடியற்காலை முதல் இரவு வரை படிப்பு நேரம். பக்கத்தில் இருப்பவனுடன் பேசினால் தண்டனை. பிறகு சேர்ந்த பொறியியல் கல்லூரியில் ஆணும் பெண்ணும் பேசிக்கொண்டால் விசாரணை. அவனை இங்கே கொண்டுவந்து, முன்பின் அறியாத நான்கு பேருடன், அதில் இருவர் பெண்கள், ஒரே குளியலறையைப் பகிர்ந்துகொள்ளச் சொல்கிறோம். அந்த உள்ளூர்ப் பையனின் கதையும் வேறல்ல. மெல்பர்ன் இருக்கும் விக்டோரியா மாநிலத்திலும் 2020, 2021 ஆகிய இரு ஆண்டுகளில் பள்ளிகள் நெடுநாட்கள் வீட்டிலிருந்தே நடந்தன. மெல்பர்ன் நகரம் ஆறு ஊரடங்குகளில் மொத்தம் 262 நாட்கள் முடங்கிக் கிடந்தது. பன்னிரண்டு, பதின்மூன்று வயதில் சக வயதினரோடு உரசிப் பழகிக் கற்றுக்கொள்ள வேண்டியதைக் கற்க முடியாமல் போனவர்கள்தான் இப்போது உங்கள் முதலாம் ஆண்டு வகுப்பில் உட்கார்ந்திருக்கிறார்கள்.

காரணம் மனத்தில் மட்டும் இல்லை. வீட்டின் சுவர்களிலும் இருக்கிறது. உங்கள் முடிவை எடுத்தவர்கள் ஒரு ஷேர் ஹவுஸுக்குள் கால் வைத்திருந்தால் இதை முதலில் கவனித்திருப்பார்கள். நாங்கள் குடிவந்தபோது வீட்டு உரிமையாளர் ஹாலை ஒட்டுப்பலகைத் தடுப்பால் அடைத்து ஐந்தாவது படுக்கையறையாக வாடகைக்கு விட்டிருந்தார். நேபாளத்திலிருந்து வந்த மாணவர் ஒருவர் அந்தத் தடுப்புக்குப் பின்னால் குடியிருந்தார். 2021 மார்ச் 29 முதல் இந்த மாநிலத்தில் வாடகை வீடுகளின் பிரதான ஹாலில் நிலையாகப் பொருத்தப்பட்ட ஹீட்டர் இருக்க வேண்டும் என்பது சட்டம். எங்கள் வீட்டிலும் ஹீட்டர் இருந்தது. தடுப்புக்குப் பின்னால், ஒருவரது கட்டிலின் தலைமாட்டில் இருந்தது. ஜூன், ஜூலை மாதக் குளிரில் மற்ற நால்வரும் அவரவர் அறையில் சிறு மின்விசிறி ஹீட்டரைப் போட்டுக்கொண்டு கதவைச் சாத்திக்கொள்வோம். நால்வர் உட்காரும் ஓர் இடம் கூட இல்லாத வீட்டில் நால்வர் எப்படிப் பழகுவார்கள்? சமையலறையில் இருந்தது இரண்டு பேர் நிற்கும் இடம். வழிநடையில் எதிரெதிரே வந்துவிட்டால் சுவரோடு ஒட்டிக்கொண்டு "சாரி" என்று சொல்லிக் கடப்பதுதான் பல வாரங்களுக்கு எங்கள் முழு உரையாடலாக இருந்தது.

இதோடு வேலை நேரமும் சேர்ந்துகொள்கிறது. மாணவர் விசாவில் வந்தவர்கள் பருவ காலத்தில் பதினான்கு நாட்களுக்கு 48 மணி நேரம் வேலை செய்யலாம். வாடகை கட்டுவதற்காகப் பெரும்பாலோர் அந்த எல்லை வரை செய்கிறார்கள். ஒருவர் விடியற்காலையில் கிடங்குக்குப் போவார், ஒருவர் நள்ளிரவில் உணவகத்திலிருந்து வருவார். ஐவரும் ஒன்றாக விழித்திருக்கும் நேரம் என்று ஒன்று தானாக அமைவதில்லை. யாராவது அமைத்துக் கொடுக்க வேண்டும்.

பேசாத வீட்டில் சின்ன விஷயங்கள் பெரிதாகின்றன. கருவாடு பொரித்த வாசனைக்காக, அடுத்த அறையில் இருப்பவர் எழுந்து வந்து சொல்லாமல், வாட்ஸ்அப் குழுவில் பொதுவாக ஒரு வரி எழுதினார். யாரைச் சொல்கிறார் என்று எல்லோருக்கும் தெரியும், சொல்லப்பட்டவர் பதில் எழுதவில்லை, அதன் பிறகு அவர் வீட்டில் மீனே சமைக்கவில்லை. எரிவாயுக் கட்டணம் அதிகமாக வந்த மாதம் யார் எவ்வளவு தருவது என்பதை ஒருவரும் வாய்விட்டுக் கேட்காமல், கட்டணம் கட்டாமலே கிடந்து, கடைசி எச்சரிக்கைக் கடிதம் வந்தது. இவற்றைக் கூட விட்டுவிடலாம். வியட்நாம் மாணவி காய்ச்சலில் விழுந்ததைத்தான் என்னால் விட முடியவில்லை. சில நாட்களாக அவள் அறையை விட்டு வெளியே வரவில்லை என்பதை எங்களில் யாரும் உணரவில்லை, ஏனென்றால் அவள் எப்போதுமே கண்ணில் படாதவள். வாசலில் கழற்றி வைத்த அவள் காலணி வைத்த இடத்திலேயே இருப்பதைக் கவனித்து, நேபாள மாணவர்தான் வந்து என் கதவைத் தட்டினார். உள்ளே போனபோது உதடு வெடித்து, எழுந்து நிற்க முடியாமல் கிடந்தாள். சுவருக்கு அந்தப் பக்கம் நான்கு பேர் இருந்தும் அவள் ஒருவரையும் கூப்பிடவில்லை. கூப்பிடுமளவுக்கு எங்களில் யாரையும் தெரியாது என்று பிறகு சொன்னாள்.

அதற்குப் பிறகுதான் உங்கள் தங்குமிட ஆலோசகரைப் பார்க்கப் போனேன். அவர் அலுவலகத்தில் உட்கார்ந்து அறிவுரை சொல்லி அனுப்பவில்லை. ஒரு ஞாயிறு மாலை வீட்டுக்கே வந்தார். ஹாலின் தடுப்பைப் பார்த்தவுடனேயே, நான்கு பேரோ அதற்கு மேலோ தங்கும்படி அறை அறையாக வாடகைக்கு விடப்படும் வீடு விக்டோரியாவில் ரூமிங் ஹவுஸாக உள்ளாட்சி மன்றத்தில் பதிவு செய்யப்பட வேண்டும் என்பதை விளக்கி, உரிமையாளருக்கு எழுத வேண்டிய கடிதத்தை எங்களுடன் உட்கார்ந்து எழுதினார். தடுப்பு அகன்றது. நேபாள மாணவருக்கு முறையான அறை தேடிக் கொடுத்ததும் அவர்தான். மீதியிருந்த நால்வரும் சேர்ந்து ஒரே ஒப்பந்தமாக வீட்டை எடுத்தோம். எங்கள் பங்கு வாடகை கொஞ்சம் கூடியது, ஆனால் ஹாலும் ஹீட்டரும் திரும்பக் கிடைத்தன.

அன்று மாலை அவர் செய்த இன்னொரு காரியத்தை நான் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அதைத்தான் இணையப் பாடம் ஈடு செய்யும் என்று நீங்கள் நம்புகிறீர்கள். எங்களைச் சமையலறையில் நிறுத்தி, "உங்களை அறிமுகப்படுத்திக்கொள்ளுங்கள்" என்று அவர் சொல்லவில்லை. கூச்சமுள்ளவர்களை அந்த வாக்கியம் எப்படி உறைய வைக்கும் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. தான் கொண்டுவந்த தேநீர்த் தூளைக் கொடுத்து ஒருவரைத் தண்ணீர் வைக்கச் சொன்னார். இன்னொருவரைக் கோப்பைகளை எடுக்கச் சொன்னார். கைக்கு வேலை கிடைத்த பிறகு, ஒவ்வொருவரிடமும் எளிய கேள்விகளையே கேட்டார்: எத்தனை மணிக்குத் தூங்குவாய், எதைச் சாப்பிட மாட்டாய், உடம்புக்கு முடியாமல் போனால் வீட்டில் யாரை எழுப்புவாய். கடைசிக் கேள்விக்குப் புதுக்கோட்டைத் தம்பி நெடுநேரம் தரையைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, அந்தக் கிராமத்துப் பையனைக் கைகாட்டினான். அதற்கு முன் அவர்கள் இருவரும் பேசியதே இல்லை. பதில்களை ஒரு தாளில் எழுதி ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டிவிட்டு அவர் போனார். அந்தத் தாள் இன்னும் அங்கே இருக்கிறது. அந்த வாரத்திலேயே குக்கர் சமையலறைக்கு வந்தது. அடுத்த மாதம் அந்த இருவரும் சேர்ந்து காரில் காய்கறி வாங்கப் போனார்கள். தம்பி இன்றைக்கும் அதிகம் பேசுபவன் அல்ல. பேச வேண்டிய கட்டாயமும் அவனுக்கு இல்லை. ஆனால் அவன் இப்போது எட்டு மணிக்குச் சாப்பிடுகிறான்.

உங்கள் இணையப் பாடத்தின் முன்னோட்ட வடிவத்தை நான் முழுதாகப் படித்தேன். பாண்ட் எனப்படும் வாடகை முன்பணத்தை எங்கே செலுத்த வேண்டும், கூட்டு ஒப்பந்தத்தில் ஒருவர் வாடகை தராவிட்டால் மற்றவர்களும் பொறுப்பாவார்கள் என்பன போன்ற தகவல்கள் அதில் தெளிவாக இருக்கின்றன. அவற்றை நிச்சயம் வைத்துக்கொள்ளுங்கள். ஆனால் உடன் தங்குபவர்களுடன் பழகுவது பற்றிய பகுதி, மனம்விட்டுப் பேசுங்கள் என்று அறிவுறுத்திவிட்டு, பேசுவது நல்லதா என்று கேள்வி கேட்டு, ஆம் என்ற விடைக்கு மதிப்பெண் தருகிறது. பேச வேண்டும் என்பது அந்தத் தம்பிக்குத் தெரியாமலா இருந்தது? பூட்டிய அறைக்குள் தனியாக உட்கார்ந்து, ஒரு சொல்லும் பேசாமல், அவன் அந்தப் பாடத்தில் முழு மதிப்பெண் வாங்கிவிடுவான்.

உளவியல் ஆலோசனைப் பிரிவைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். மனிதரைக் கண்டாலே மூச்சு முட்டும் அளவுக்குப் பதற்றம் கொண்டவர்கள் உண்டு. அவர்களுக்கு முறையான சிகிச்சை தேவை, அது தடையின்றிக் கிடைக்க வேண்டும். ஆனால் முன்பின் தெரியாதவர்களுடன் ஒரு வீட்டில் வாழத் தடுமாறும் இருபது வயதுப் பிள்ளையை நோயாளி என்று அந்த வரிசையில் நிறுத்துவது அவனுக்கும் நியாயமில்லை, உண்மையில் சிகிச்சைக்குக் காத்திருப்பவருக்கும் நியாயமில்லை. அவனுக்கு வேண்டியது ஒரு மேசையும், ஒரு மாலைப் பொழுதும், தொடங்கி வைக்க ஒரு மூத்தவரும்தான். தேடி வந்தவர்கள் குறைவு என்ற உங்கள் கணக்கும் இங்கேதான் பிழையாகிறது. தேடி வந்து கேட்கத் தெரிந்தவர்களுக்கு ஆலோசகர் தேவைப்படுவதில்லை. தேவைப்படுபவர்கள் உங்கள் வரவேற்பு மேசையைத் தாண்டிக் கூட வரமாட்டார்கள்.

புதன்கிழமைக் கூட்டுச் சமையல் வாரம் ஒருமுறை நடந்த எளிய ஏற்பாடு. வெங்காயம் நறுக்கிக்கொண்டும் உருளைக்கிழங்கு தோலுரித்துக்கொண்டும் நிற்கையில் எதிரில் இருப்பவரின் கண்ணைப் பார்க்க வேண்டியதில்லை. பேச்சு வந்தால் பேசலாம், வராவிட்டால் வேலை நடக்கும். பேச்சுத் திறன் பயிற்சி என்ற பெயரில் எந்த வகுப்பை வைத்தாலும் வராத பிள்ளைகள் இதற்கு வந்தார்கள். வெளியே ஒரு வேளைச் சாப்பாட்டுக்கு ஆகும் செலவு மிச்சம் என்பதும் காரணம்தான். அதில் தாழ்வு ஒன்றுமில்லை.

செலவைக் குறைக்கவே இம்முடிவு என்று மின்னஞ்சலின் கடைசிப் பத்தி குறிப்பிடுகிறது. மாணவர் சேவை மற்றும் வசதிக் கட்டணம் என்று படிப்புக் கட்டணத்துக்கு மேல் தனியாக வசூலிக்கப்படுகிறது. முழுநேர மாணவருக்கான அதன் உச்சவரம்பு 2025-ஆம் ஆண்டில் 365 டாலர். அந்தப் பணத்தை எவற்றுக்குச் செலவிடலாம் என்று 2003-ஆம் ஆண்டின் உயர்கல்வி ஆதரவுச் சட்டம் பட்டியலிடுகிறது. அப்பட்டியலில் வளாகத்தில் மாணவர்களுக்கு உணவு தருவது இருக்கிறது. வெளிநாட்டு மாணவர்களின் நலன், தங்குமிடம், வேலை ஆகியவை சார்ந்த தேவைகளுக்கு உதவுவது வெளிப்படையாகவே இருக்கிறது. அதுபோல, வெளிநாட்டு மாணவர்களைச் சேர்க்கும் நிறுவனங்களுக்கான 2018 தேசிய நெறிமுறையின் ஆறாவது தரநிலை, இந்நாட்டின் கல்விக்கும் வாழ்க்கைக்கும் அவர்கள் பழகிக்கொள்ளத் துணை நிற்க வேண்டியது நிறுவனத்தின் கடமை என்கிறது. அவர்களுக்கான தொடர்பாளர் பணியாளர்களில் ஒருவராக இருக்க வேண்டும் என்றும் சொல்கிறது. நாங்கள் சலுகை கேட்கவில்லை. எங்களிடம் வாங்கிய பணத்தை, அது எதற்காக வாங்கப்பட்டதோ அதற்குச் செலவிடும்படி கேட்கிறோம்.

ஒருவரின் வீட்டுக்குள் பல்கலைக்கழகம் நுழையலாமா என்று சிலர் தயங்குவதை அறிவேன். அந்தத் தயக்கத்தை மதிக்கிறேன். அழைத்தால் மட்டுமே வர வேண்டும். ஆனால் அழைப்பதற்கான வழி, தயங்குபவரும் எடுக்கக் கூடியதாக இருக்க வேண்டும். சேர்க்கைப் படிவத்திலேயே, வெளியே பகிர்ந்து தங்குபவர்களுக்கு, உங்கள் வீட்டுக்கு ஒருமுறை ஆலோசகர் வரலாமா என்று ஒரு கட்டம் வைத்தால் போதும். ஒரு குறி இடுவதற்கு யாரும் கூச்சப்பட மாட்டார்கள்.

ஆகவே என் கோரிக்கைகள் இவை. தங்குமிட ஆலோசகர் பணியிடத்தை நீக்கும் முடிவைத் திரும்பப் பெற்று, பிப்ரவரியில் புதிய மாணவர்களை வரவேற்கும் ஓ வீக் தொடங்கும் முன் அப்பணியில் ஒருவரை அமர்த்துங்கள். பகுதிநேரமாகவோ ஒப்பந்தமாகவோ பெயருக்கு வைக்காமல், மாலையிலும் வார இறுதியிலும் வீடுகளுக்குச் சென்று வரக்கூடிய முழுநேரப் பணியாக அது இருக்கட்டும். புதன்கிழமைக் கூட்டுச் சமையலை அதே சமையலறையில், கட்டணமின்றித் தொடருங்கள். இரவு வேலைக்குப் போகும் மாணவர்களுக்காக மாதம் ஒரு ஞாயிறு மதியமும் அதை நடத்துங்கள். மாணவர் சேவைக் கட்டணத்தில் எவ்வளவு தொகை தங்குமிட உதவிக்குச் செலவாகிறது என்பதை ஆண்டுதோறும் தனியாகக் காட்டுங்கள். உங்கள் தங்குமிட விளம்பரப் பலகையில், ஹாலைப் படுக்கையறையாக்கி வாடகைக்கு விடும் வீடுகளின் விளம்பரங்களை ஏற்காதீர்கள். அப்பலகையை நம்பித்தான் ஊரிலிருந்தே பிள்ளைகள் அறை பிடிக்கிறார்கள். சேர்க்கைப் படிவத்தில் நான் சொன்ன அந்தக் கட்டத்தைச் சேருங்கள்.

இவை குறித்து முடிவெடுக்கும் கூட்டத்துக்கு, நன்றாகப் பேசக் கூடிய மாணவர் பிரதிநிதிகளோடு நிறுத்திக்கொள்ளாமல், ஷேர் ஹவுஸ்களில் தங்கியிருக்கும் மாணவர்களையும் அழையுங்கள். வாய் திறந்து சொல்லத் தயங்குபவர்கள் எழுத்தில் கருத்துத் தர வழி செய்யுங்கள். டிசம்பர் பதினைந்துக்குள் எழுத்துபூர்வமான பதிலை எதிர்பார்க்கிறேன். அதற்குள் பதில் வராவிட்டால், இம்மடலுடன் நாங்கள் சேகரித்து வைத்திருக்கும் மாணவர் வாக்குமூலங்களையும் இணைத்துத் தேசிய மாணவர் குறைதீர்ப்பாளரிடம் முறையிடுவோம்.

உங்கள் பல்கலைக்கழகத்தின் ஆய்வு மாணவி ஒருத்தி
மெல்பர்ன்